யூ.டி.ஆர். பட்டாவில் விழுந்த பிழை: 38 ஆண்டு கழித்து நீதிமன்றம் போன ஒரு வழக்கு

இது நான் நடத்திய வழக்கு. சம்பந்தப்பட்டவர்களின் பெயர், ஊர், சர்வே எண் எதையும் எழுதவில்லை. தென் மாவட்டம் ஒன்றில் கிணற்றுப் பாசனத்தை நம்பியிருக்கும் ஓர் ஊர் என்பது போதும். பழைய அரசு முடிவு ஒன்றை எதிர்த்துக் கிளம்பும்போது முதலில் எந்தக் கதவைத் தட்டுவது என்பதில் நானே ஒரு தப்பு செய்தேன். அதையும் சேர்த்து எழுதுகிறேன்.

பின்னணி

நிலம் மொத்தம் 2 ஏக்கர் 24 சென்ட். அண்ணன் தம்பி இருவர் அதை வாய்மொழியாகப் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டு, கிழக்கே அண்ணனும் மேற்கே தம்பியுமாக உழுது வந்தார்கள். 1961-இல் அண்ணன் தன் கிழக்குப் பாதியை, அதாவது 1 ஏக்கர் 12 சென்ட்டை, கிரையம் செய்து கொடுத்துவிட்டார். வாங்கியவர் என் கட்சிக்காரரான அம்மாவின் மாமனார். பதிவுசெய்த பத்திரம். செக்குபந்தி, அதாவது நான்கு எல்லையும், தெளிவாக எழுதியிருந்தது. விற்ற அண்ணனுக்குப் பிள்ளை இல்லை. சில வருஷத்தில் அவர் இறந்துபோனார்.

மாமனார் பத்திரம் வாங்கினாரே தவிரப் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றிக்கொள்ளவில்லை. அந்தக் காலத்தில் பாதி ஊர் அப்படித்தான் இருந்தது. ஊர்க் கணக்கு எழுதும் கர்ணத்துக்கு யார் நிலம் எது என்று தெரியும். கிஸ்தியை (நிலவரியை) கொண்டுபோய்க் கட்டினால் பழைய பட்டா எண்ணைப் போட்டு ரசீது எழுதிக் கொடுத்துவிடுவார். ரசீதில் பட்டாதாரர் பெயர் விற்றவருடையது, 'கட்டியவர்' என்ற இடத்தில் மாமனார் பெயர். இரண்டு தலைமுறை இதை யாரும் பிரச்சினையாக நினைக்கவில்லை. 1976-இல் கிழக்குப் பாதியில் இருந்த கிணற்றுக்கு மாமனார் பெயரில் மின் இணைப்பும் கிடைத்தது. 1978-இல் அவர் காலமானார்.

அப்புறம் வந்தது யூ.டி.ஆர். நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம் என்று பெயர். தமிழ்நாடு முழுக்க 1979 ஜூன் 1 முதல் 1987 ஏப்ரல் 30 வரை நடந்தது. ஏக்கர், சென்ட் கணக்கு ஹெக்டேர், ஏர் கணக்குக்கு மாறியது இதில்தான். நிலத்தை யார் தன் அனுபவத்தில் வைத்திருக்கிறாரோ அவர் பெயரைப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும், தேவையான இடத்தில் உட்பிரிவு செய்ய வேண்டும் என்பது நோக்கம். நல்ல நோக்கம். ஆனால் திட்டம் ஓடிக்கொண்டிருந்தபோதே, 1980 நவம்பரில், கர்ணம், மணியம் பதவிகளை அரசு ஒழித்தது. அதற்கு வேறு நியாயங்கள் உண்டு, அதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் ஊர்க் கணக்கைத் தலையில் வைத்திருந்த ஆள் போனதும், புதிதாக வந்தவர் முன்னால் இருந்தது பழைய பதிவேடு மட்டும்தான்.

இந்த ஊரில் பசலி (வருவாய்த் துறையின் ஆண்டுக் கணக்கு) 1393-இல், அதாவது 1983 ஜூலையிலிருந்து 1984 ஜூனுக்குள், வேலை முடிந்தது. அம்மாவின் கணவர் அப்போது கேரளத் தோட்டமொன்றில் வேலைக்குப் போயிருந்தார். பதிவேட்டில் இருந்தது விற்ற அண்ணனின் பெயர். அவர் வாரிசில்லாமல் இறந்துவிட்டார், தம்பி இருக்கிறார். ஆக, மொத்த நிலமும் தம்பி பெயருக்குப் போனது.

கண்ணில் பட்டது எப்போது

35 வருஷம் யாருக்கும் தெரியவில்லை. தெரியவேண்டிய அவசியமும் வரவில்லை. நிலத்தில் குடும்பம்தான் வெள்ளாமை செய்தது. வெங்காயம், மிளகாய், மழை பொய்த்தால் சோளம். விவசாய மின்சாரம் இலவசம் என்பதால் பில்கூட வீட்டுக்கு வருவதில்லை. கணவர் 2011-இல் இறந்தார். மகன் திருப்பூரில் தையல் வேலை, மகள் கட்டிக்கொடுத்த ஊரில்.

2019 பிப்ரவரியில் பி.எம். கிசான் திட்டம் வந்தது. வருஷத்துக்கு 6,000 ரூபாய். கிராம நிர்வாக அலுவலர் அலுவலகத்தில் சிட்டா எடுத்து வரச் சொன்னார்கள். மார்ச்சில் இ-சேவை மையத்தில் எடுத்துப் பார்த்தபோது இரண்டு உட்பிரிவும் பக்கத்து நிலத்துக்காரர் பட்டாவில் இருந்தன. பக்கத்து நிலத்துக்காரர் என்றால் அந்தத் தம்பியின் மகன்.

வில்லங்கச் சான்று போட்டதில் இன்னொன்றும் வெளியே வந்தது. 2016-இல் அவர் முழு 2 ஏக்கர் 24 சென்ட்டையும் தன் மகனுக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிப் பதிவு செய்திருந்தார். பட்டா தன் பெயரில் இருக்கும்போது சார்பதிவாளர் எதற்குக் கேட்கப்போகிறார்?

மனு மேல் மனு

மகன் லீவு போட்டு வந்து 2019 ஏப்ரலில் வட்டாட்சியரிடம் மனு கொடுத்தார். யூ.டி.ஆர். பிழையைத் திருத்தும் அதிகாரம் மாவட்ட வருவாய் அலுவலரிடம் இருக்கிறது, அங்கே போங்கள் என்று பதில். ஆகஸ்டில் அங்கே மனு. விசாரணைக்கு அழைப்பு வரவில்லை. குறைதீர் கூட்டத்தில் இரண்டு முறை கொடுத்தார், முதலமைச்சர் தனிப்பிரிவுக்கும் அனுப்பினார். ஒவ்வொன்றுக்கும் ஒப்புகைச் சீட்டு வந்தது. 2020 மார்ச்சில் ஊரடங்கு. அதோடு ஒரு வருஷம் போனது.

இந்தக் கட்டத்தில்தான், 2021 பிப்ரவரியில், அம்மாவும் மகனும் என்னிடம் வந்தார்கள். ஒரு தகரப் பெட்டியை அப்படியே தூக்கிக்கொண்டு வந்திருந்தார் அம்மா. "இதுல எது வேணும்னு எனக்குத் தெரியாது சார். மாமா எதையும் தூக்கிப் போட மாட்டாங்க." மூலப் பத்திரம், கொஞ்சம் கரையான் அரித்த கிஸ்தி ரசீதுகள் 11, மின்வாரியம் கொடுத்த பழைய அட்டை. வழக்கு அந்தப் பெட்டியில்தான் இருந்தது. அன்றைக்கே அதைப் பார்த்து உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போயிருக்கலாம். நான் போகவில்லை.

முதல் முடிவு: ரிட்

நான் போட்டது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசு அதிகாரிக்கு உத்தரவிடச் சொல்லிக் கேட்கும் மனு. யூ.டி.ஆர். உத்தரவை ரத்து செய்யும்படி கேட்கவில்லை. 'மாவட்ட வருவாய் அலுவலரிடம் உள்ள மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க உத்தரவிட வேண்டும்' என்று மட்டும் கேட்டேன். காரணம் எளிது. 1984 முடிவை 2021-இல் நேரடியாக எதிர்த்தால் முதல் கேள்வியே 'இத்தனை நாள் என்ன செய்தீர்கள்' என்பதாக இருக்கும். ரிட்டுக்கு வழி விடும் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவில் காலவரையறை என்று எழுதி வைக்கவில்லை. ஆனால் உரிமையியல் வழக்குக்கு உள்ள கெடு தாண்டிவிட்டால் ரிட்டும் பொதுவாகத் தாமதமானதுதான் என்று உச்ச நீதிமன்றம் 1964-லேயே மத்தியப் பிரதேச அரசுக்கும் பாய்லால் பாய்க்கும் இடையிலான வழக்கில் சொல்லிவிட்டது. பரிசீலிக்கச் சொல்லிக் கேட்பதில் அந்த ஆபத்து இல்லை, செலவு குறைவு, சீக்கிரம் முடியும். பெரும்பாலான வக்கீல்கள் செய்வது இதுதான்.

உத்தரவு கிடைத்தது: 12 வாரத்துக்குள் இரு தரப்பையும் விசாரித்துத் தகுதி அடிப்படையில் முடிவெடுக்க வேண்டும். குடும்பம் அதை வெற்றி என்று நினைத்தது. ஊரில் சொல்லியும் விட்டார்கள். அந்த உத்தரவில் நிலம் யாருடையது என்று ஒரு வரிகூட இல்லை என்பதை நான் இன்னும் அழுத்திச் சொல்லியிருக்க வேண்டும்.

பழைய விஷயத்தில் இப்படிப் 'பரிசீலனை' உத்தரவு வாங்குவதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. 2008-இல் முடிந்த சி. ஜேக்கப் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது. 1982-இல் வேலையிலிருந்து நீக்கப்பட்டவர் 18 வருஷம் கழித்து மனு கொடுத்தார், அதைப் பரிசீலிக்க உத்தரவு வாங்கினார், நிராகரிப்பு வந்ததும் அதை எதிர்த்து வழக்குப் போட்டார். செத்துப்போன உரிமைக்குப் பதில் எழுதியதால் மட்டும் வழக்குப் போடப் புதிய காரணம் பிறந்துவிடாது என்றது உச்ச நீதிமன்றம். அதாவது 2019-இல் மனு கொடுத்தோம், 2021-இல் பதில் வந்தது என்பதை வைத்து 1984-ஐ மறக்கடிக்க முடியாது. இது எனக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும், அதிகாரி மட்டத்திலேயே முடிந்துவிடும் என்று நம்பினேன்.

நிராகரிப்பு

12 வாரம் 30 வாரம் ஆனது. நீதிமன்ற அவமதிப்பு நோட்டீஸ் அனுப்பிய பிறகுதான் விசாரணை நாள் குறித்தார்கள். எதிர்த்தரப்பு செட்டில்மெண்ட் பத்திரத்தை நீட்டியது. 2021 நவம்பரில் உத்தரவு வந்தது. இரண்டு பக்கம். யூ.டி.ஆர். முடிந்து நெடுங்காலம் ஆகிவிட்டது. இரு தரப்பும் பத்திரம் காட்டுகிறார்கள். உரிமைத் தகராறு இருப்பதால் உரிமையியல் நீதிமன்றத்தை அணுகவும்.

குடும்பம் ஆத்திரப்பட்டது. என்னைக் கேட்டால் அந்த உத்தரவில் சட்டப்படி பெரிய குற்றம் காண முடியாது. உரிமையில் தகராறு என்று தெரிந்தால் வருவாய்த் துறை தானே தீர்ப்பு எழுதக் கூடாது, கட்சிக்காரர்களை உரிமையியல் நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது 2011-இல் விஸ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் எடுத்த நிலைப்பாடு. 2016 செட்டில்மெண்ட் பத்திரம் வெளிவந்த நிமிஷமே இது வெறும் எழுத்துப்பிழை வழக்கு என்ற தகுதியை இழந்துவிட்டது. அதை நான் முதல் நாளே கணக்கில் எடுத்திருக்க வேண்டும்.

அந்த மாதமே இன்னொன்றும் நடந்தது. சோலார் திட்டத்துக்கு நிலம் சேர்க்கும் தரகர் ஒருவரோடு வந்து, எதிர்த்தரப்புப் பையன் வெங்காயக் காட்டு நடுவில் கல் ஊன்றினான். அம்மா போய் நின்றபோது, "பட்டா எங்க பேர்ல இருக்கு அத்த, நீங்க கோர்ட்டுல பாத்துக்கங்க" என்றானாம். நிலத்தில் யாராவது கை வைத்தது அதுதான் முதல் தடவை.

இரண்டாவது முடிவு: எதை எதிர்ப்பது

இரண்டு வழி இருந்தது. நிராகரிப்பு உத்தரவை எதிர்த்து இன்னொரு ரிட், அல்லது உரிமையியல் வழக்கு. மகன் ரிட்டைத்தான் விரும்பினார். "பெரிய கோர்ட்டுலயே முடிச்சிரலாம் சார்" என்றார். இம்முறை நான் சம்மதிக்கவில்லை. ரிட்டில் சாட்சி விசாரணை கிடையாது. கிணறு யாருடையது, வரப்பு எங்கே என்பதையெல்லாம் உறுதிமொழிப் பத்திரத்தில் நிரூபிக்க முடியாது. ஜெயித்தாலும் 'மறுபடி பரிசீலிக்கவும்' என்றுதான் திரும்பி வரும்.

அதைவிட முக்கியமான கேள்வி, வழக்கில் என்ன கேட்பது என்பது. 'யூ.டி.ஆர். பதிவு செல்லாது' என்று கேட்டால், வழக்குப் போடுவதற்கான மூன்று வருஷக் கெடு எப்போதிலிருந்து என்ற கணக்கு உடனே வரும். ஓர் உத்தரவு அடிப்படையிலேயே செல்லாதது என்றாலும் அதைக் கெடுவுக்குள் எதிர்த்தாக வேண்டும் என்று குர்தேவ் சிங் வழக்கில் 1991-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 38 வருஷப் பழைய உத்தரவைத் தாக்கிக்கொண்டு உள்ளே போனால் வாசலிலேயே நிறுத்திவிடுவார்கள்.

ஆனால் பட்டா என்ன, உரிமை ஆவணமா? வரி வசூலுக்கான பதிவு. பெயர் மாற்றப் பதிவு உரிமையைத் தருவதும் இல்லை, பறிப்பதும் இல்லை என்பதை உச்ச நீதிமன்றம் 1996, 1997 தீர்ப்புகளிலிருந்து திரும்பத் திரும்பச் சொல்லிவருகிறது. அப்படியானால் 1961 பத்திரத்தால் வந்த உரிமை 1984-இல் போய்விடவில்லை. அது நம்மிடமே இருக்கிறது என்று விளம்புகை, அதாவது நீதிமன்றத்தின் அறிவிப்பு, கேட்டால் போதும். பட்டா அதன் பின்னால் வந்தாக வேண்டும். தமிழ்நாடு பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் 14-ஆவது பிரிவு பதிவை எதிர்த்து வழக்குப் போடத் தடை விதித்தாலும், உரிமை பாதிக்கப்பட்டவர் விளம்புகை வழக்குப் போடலாம் என்று அதே பிரிவு வழியும் விட்டிருக்கிறது.

கெடு விஷயத்தில் எங்களுக்குக் கை கொடுத்தது 2010-இல் வந்த தயா சிங் வழக்குத் தீர்ப்பு. வருவாய்ப் பதிவேட்டில் தவறான பெயர் இருப்பதால் மட்டும் காலவரையறைச் சட்டத்தின் 58-ஆவது உறுப்பின்படி மூன்று வருஷக் கெடு ஓட ஆரம்பிக்காது. உரிமைக்குத் தெளிவான அச்சுறுத்தல் வந்த நாளிலிருந்துதான் கணக்கு. அந்த அச்சுறுத்தல் எங்களுக்கு 2021 நவம்பரில் ஊன்றிய கல். அதை ஒப்புக்கொள்ளாமல், சிட்டா பார்த்த 2019 மார்ச்சிலிருந்து எண்ணினாலும் 2022 மார்ச்சுக்குள் போட்டுவிட்டால் பாதுகாப்பு. கொரோனாவுக்காக 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் கெடுவில் சேர்க்கக் கூடாது என்ற உச்ச நீதிமன்ற உத்தரவும் இருந்தது. இருந்தாலும் அதை நம்பி உட்கார வேண்டாம் என்று முடிவு செய்தேன்.

அரசையும் பிரதிவாதியாகச் சேர்ப்பதால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருந்தோம். 2022 பிப்ரவரியில் மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கு தாக்கல். கேட்டவை: கிழக்கு 1 ஏக்கர் 12 சென்ட்டுக்கு உரிமை விளம்புகை, அனுபவத்தில் தலையிடாமல் நிரந்தர உறுத்துக் கட்டளை (தடை உத்தரவு), செட்டில்மெண்ட் பத்திரம் அந்த அளவுக்கு எங்களைக் கட்டுப்படுத்தாது என்ற விளம்புகை, தீர்ப்புக்கு ஏற்பப் பட்டாவைத் திருத்த உத்தரவு. உறுத்துக் கட்டளையை மட்டும் கேட்டிருந்தால் வேலைக்கு ஆகியிருக்காது. உரிமையிலேயே சந்தேகம் எழுந்துவிட்டால் வெறும் உறுத்துக் கட்டளை வழக்கு போதாது என்பது 2008 அனத்துல சுதாகர் தீர்ப்பு. வாதிகள் மூவர்: அம்மா, மகன், மகள். முன்பு கொடுத்த மனுக்களில் எல்லாம் மகன் பெயர் மட்டும் இருந்தது. மகளும் வாரிசுதான் என்பது அதுவரை யாருக்கும் தோன்றவில்லை, மகளையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

இடைக்கால உறுத்துக் கட்டளை மூன்றாவது வாரத்தில் கிடைத்தது. தரகர் அதோடு வரவில்லை.

சாட்சியம்: வழக்கு திரும்பிய இடம்

யூ.டி.ஆர். கோப்பைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டிருந்தோம். கோப்பு கிடைக்கவில்லை என்று பதில். எந்த அடிப்படையில் தம்பி பெயர் ஏறியது என்பதற்கு ஒரு காகிதமும் இல்லை. இது எங்களுக்கு நஷ்டம் என்று முதலில் நினைத்தேன். விசாரணையில் அது எதிர்த்தரப்பின் நஷ்டமாக மாறியது. அவர்கள் உரிமைக்கு இருந்த ஒரே வேர் அந்தப் பதிவு, அதற்கு அடியில் ஒன்றுமில்லை.

கிடைத்தவை: நிலவரித் திட்ட (செட்டில்மெண்ட்) காலத்துப் பழைய பதிவேட்டின் சான்றிட்ட நகல், யூ.டி.ஆர். 'அ' பதிவேடு, பழைய எண் புதிய எண் ஒப்பீடு, புலப்படம் (நில அளவை வரைபடம்). ஒரு நாள் இரவு புலப்படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு உறைத்தது. ஒரே பழைய சர்வே எண்ணை 1, 2 என்று உட்பிரிவு செய்திருக்கிறார்கள். நடுவில் கோடு. முழுதும் ஒருவருக்கே சொந்தம் என்றால், ஒரே பட்டாவில் ஏற்றப்போகும் நிலத்தை எதற்கு வெட்ட வேண்டும்? அளந்தவர் களத்தில் வரப்பைப் பார்த்திருக்கிறார், இரண்டு அனுபவம் இருப்பதைப் பார்த்திருக்கிறார், அதனால் பிரித்திருக்கிறார். பெயர் எழுதியவர் களத்துக்குப் போகவில்லை, பழைய பதிவேட்டைப் பார்த்திருக்கிறார். எங்களுக்கு எதிராக இருந்த அதே ஆவணம் எங்களுக்குச் சாட்சி சொன்னது.

வட்ட அலுவலகத்திலிருந்து சாட்சியாக வந்தவரிடம் இதைக் கேட்டேன். ஒரே அனுபவதாரர் என்றால் உட்பிரிவு தேவையில்லை என்பது சரிதான் என்றார். அந்த ஒரு பதில் தீர்ப்பில் அப்படியே இடம்பெற்றது.

எதிர்த்தரப்புத் தந்தையின் குறுக்கு விசாரணை நீளமாகப் போகவில்லை. கிணற்று மின் இணைப்பு யார் பெயரில்? அவங்க பேர்ல. கிழக்கே வெள்ளாமை யார் பார்க்கிறார்கள்? அவங்கதான், எங்க அப்பா பாவம்னு விட்டது. எந்த வருஷம் விட்டார்? தெரியாது. குத்தகை, வாரம் ஏதாவது வாங்கினீர்களா? இல்லை. மனிதர் பொய் சொல்ல வந்தவராக எனக்குப் படவில்லை. தன் அப்பா பெயரில் பட்டா இருந்ததால் தங்களுடையது என்று உண்மையாகவே நம்பியிருந்தார். 1961 பத்திரத்தைக் கூண்டில்தான் முதன்முதலாகப் பார்த்தார். தன் பெரியப்பா கையெழுத்தை அடையாளம் தெரிகிறதா என்று கேட்டபோது கொஞ்ச நேரம் பேசவில்லை.

பத்திரத்தை எழுதியவர், சாட்சிகள் எவரும் உயிரோடு இல்லை. 30 வருஷத்துக்கு மேற்பட்ட ஆவணம் உரிய இடத்திலிருந்து வந்தால் அதை மெய்யென்று அனுமானிக்கலாம் என்ற அன்றைய சாட்சியச் சட்டத்தின் 90-ஆவது பிரிவு அங்கே உதவியது. தகரப் பெட்டி உரிய இடம்தான்.

2016-இல் பதிவுசெய்த செட்டில்மெண்ட் ஊருக்கெல்லாம் அறிவிப்பு, அன்றிலிருந்து மூன்று வருஷம் 2019-லேயே முடிந்துவிட்டது என்பது அவர்கள் வக்கீலின் வலுவான வாதம். பதிவு அறிவிப்பாக அமைவது அதன் பிறகு அந்தச் சொத்தை வாங்க வருகிறவருக்கு. ஏற்கெனவே உரிமையோடு நிலத்தில் இருப்பவர் மாதாமாதம் வில்லங்கம் போட்டுப் பார்க்கக் கடமைப்பட்டவர் அல்ல என்பது எங்கள் பதில். நீதிமன்றம் இதை ஏற்றது.

நீதிமன்றம் நியமித்த வழக்கறிஞர் ஆணையர் நில அளவரோடு போய் அளந்ததில் மட்டும் எங்களுக்கு ஒரு குறை வந்தது. களத்தில் இருந்தது 1 ஏக்கர் 8 சென்ட். நான்கு சென்ட் மேற்குக்காரர் தன் நிலத்துக்கு வண்டி கொண்டுபோகும் பாதையாக இருந்தது. எத்தனை வருஷமாக என்று அம்மாவைக் கேட்டேன். "நான் வாக்கப்பட்டு வந்தப்பவே அது பாதைதான்" என்றார். வழக்கு போட்ட பிறகு வந்த பதில் இது.

தீர்ப்பும் அதன் பிறகும்

2024-இல் தீர்ப்பு. விளம்புகை, உறுத்துக் கட்டளை இரண்டும் கிடைத்தன. பாதையாகக் கிடந்த நான்கு சென்ட்டுக்கு மட்டும் உறுத்துக் கட்டளை மறுக்கப்பட்டது. 1984 பதிவை நீதிமன்றம் ரத்து செய்யவில்லை. உரிமை வாதிகளுக்கு என்று அறிவித்து, அதற்கேற்பப் பதிவேட்டைத் திருத்தும்படி வருவாய்த் துறைக்கு உத்தரவிட்டது. பலன் ஒன்றுதான்.

மேற்குக்காரர் சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தார். அரசு செய்யவில்லை. மேல்முறையீட்டில் அவர் கேட்டதில் உண்மையான அக்கறை அந்தப் பாதை மேல்தான் என்று தெரிந்தபோது மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பச் சொல்லி இரு தரப்பும் கேட்டோம். நான்கு சென்ட் பாதையை அவருக்கே விட்டுக்கொடுப்பது, மீதி 1 ஏக்கர் 8 சென்ட்டை அவர் ஒப்புக்கொள்வது. மகனுக்கு இதில் மனமில்லை. அம்மாதான் முடித்தார்: "பாதையை மறிச்சு நாளைக்கு அவன் முகத்துல எப்படி முழிக்கிறது?" மக்கள் நீதிமன்றத் தீர்வுக்கு மேல்முறையீடு கிடையாது என்பதால் வழக்கு அங்கேயே நின்றது. நான் இதை நல்ல முடிவு என்றே நினைக்கிறேன். இரண்டாம் மேல்முறையீடு என்று உயர் நீதிமன்றம் வரை போயிருந்தால் அம்மா காலத்தில் முடிந்திருக்குமா தெரியாது.

தீர்வு நகலை வட்டாட்சியரிடம் கொடுத்து, அளந்து, புது உட்பிரிவு எண் போட்டு, பட்டா கைக்கு வர மேலும் ஏழு மாதம் ஆனது. அதற்கு நான்கு முறை நினைவூட்டல்.

மறுபடி செய்தால்

ரிட்டுக்கும் அதன் பிறகான விசாரணைக்கும் போன ஒன்பது மாதத்தை நான் திருப்பித் தர முடியாது. எதிர்த்தரப்பிடம் பதிவுசெய்த பத்திரம் ஒன்று இருக்கிறது என்று வில்லங்கச் சான்றில் தெரிந்த பிறகு அதிகாரி முன்னால் நிற்பதில் பொருளில்லை. பெயரில் எழுத்துப்பிழை, பரப்பில் தசமப் புள்ளி மாறியது, எதிர்ப்பே இல்லாத திருத்தம் என்றால் அதிகாரியிடம் போவது சரியான வழி, விரைவான வழியும்கூட. இந்த வழக்கு அந்த வகை இல்லை.

நிலத்தை அளக்காமல் வழக்கு போட்டதும் தப்பு. தனியாரை வைத்தாவது முதலில் அளந்திருந்தால் பாதை விஷயம் வழக்குரையிலேயே வந்திருக்கும், குறுக்கு விசாரணையில் அம்மா அதற்காகத் திணறியிருக்க வேண்டாம்.

அடங்கல் (ஊர்ப் பயிர்க் கணக்கு) நகல்களைத் தாமதமாகக் கேட்டோம். பழைய பசலிகள் சிலவற்றுக்குக் கிடைத்தன, பலவற்றுக்கு இல்லை. 2019-இல் முதல் மனு கொடுத்த அன்றே கேட்டிருந்தால் இன்னும் சில கிடைத்திருக்கலாம். ஆவணக் காப்பறையில் இருப்பது வருஷா வருஷம் குறையுமே தவிரக் கூடாது.

பி.எம். கிசானுக்கு மகன் புது பட்டாவோடு போய் விண்ணப்பித்தார். திட்டத்தின் தகுதி நாள் 2019 பிப்ரவரி 1. அன்றைக்குப் பதிவேட்டில் பெயர் இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். தீர்ப்பு நகலை வைத்து மனு எழுதித் தரச் சொல்லி அவர் இப்போது என்னிடம் வந்திருக்கிறார்.